இடம் மாறிய சொல்

தலைநகரில் வாழும் தமிழ்க் குடும்பங்களில் மாலைப் பொழுதுக்கென்றே ஒரு சிறு போராட்டம் உண்டு. பகலெல்லாம் பள்ளியில் இந்தியும் ஆங்கிலமும் பேசிவிட்டு வரும் பிள்ளைகள், வீட்டு வாயிலைத் தாண்டியதும் தமிழுக்கு மாறிவிட வேண்டும் என்பது பெற்றோர் வகுத்த விதி. பிள்ளைகள் அவ்விதியை எவ்வளவு மதிக்கிறார்கள் என்பதை இம்மலரைப் படிக்கும் அன்பர்கள் நன்கு அறிவார்கள். எனினும் சில நாள்களில், மூன்று மொழிகளுக்கும் நடுவே நிற்கும் பிள்ளைகள் கேட்கும் கேள்வி, ஒரே மொழியில் வளர்ந்த நமக்குத் தோன்றாத கேள்வியாக அமைந்துவிடுகிறது.

ஒன்பதாம் வகுப்பில் படிக்கும் நம் மகள் ஒரு மாலை ஆங்கில இலக்கண ஏட்டுடன் வந்து நின்றாள்.

“அப்பா, ‘கிளியர்லி’ என்றால் ‘தெளிவாக’ என்றுதானே பொருள்?”

“ஆம்.”

“அப்படியானால் இந்த இரண்டு வாக்கியத்தையும் தமிழில் சொல்லுங்கள்.”

முதல் வாக்கியம், ‘ஹி டிட் நாட் ஆன்சர் கிளியர்லி’ என்பது. “அவன் தெளிவாக விடை சொல்லவில்லை” என்றோம். அடுத்தது, ‘கிளியர்லி, ஹி டிட் நாட் ஆன்சர்’ என்பது. “தெளிவாக, அவன்...” என்று தொடங்கி நின்றுவிட்டோம். தமிழ் அதற்கு இடம் கொடுக்கவில்லை. சற்று யோசித்து, “அவன் விடை சொல்லவில்லை என்பது தெளிவு” என்றோம்.

“சொல் ஒன்றுதான். முதல் வாக்கியத்தில் அவன் ஏதோ விடை சொல்லியிருக்கிறான். இரண்டாவதில் ஒன்றுமே சொல்லவில்லை. இடம் மாறினால் இவ்வளவு மாறுமா?” என்று கேட்டாள்.

முன்னது வினை நிகழும் முறையைக் காட்டும் அடை, பின்னது வாக்கியம் முழுமைக்கும் உரிய அடை என்று இலக்கணம் சொல்லி அனுப்பினோம். அவள் நிறைவுடன் சென்றுவிட்டாள். நமக்குத்தான் நிறைவு ஏற்படவில்லை. அந்தச் சொல்லோடு நமக்கு ஒரு பழைய கணக்கு உண்டு. அதைப் பின்னர்ச் சொல்வோம். முதலில் சொல்லின் வரலாற்றைச் சிறிது காண்போம்.

ஆங்கிலத்தில் ஒளியோடு தொடர்புடைய வினையடைகள் பல. ‘பிரைட்லி’ ஒளி மிகுந்து இருப்பதைக் காட்டும். ‘டிம்லி’ மங்கலைக் காட்டும். ‘டார்க்லி’ இருளைக் காட்டும். பெயரிலேயே ஒளியைத் தாங்கி நிற்பதுபோல் தோன்றும் ‘லைட்லி’யோ ஒளிக்கு உறவே அன்று. எடையின்மையைக் குறிக்கும் வேறொரு ‘லைட்’டின் பிள்ளை அது. இதற்கு மாறாக, ஒளிக்கும் தனக்கும் தொடர்பே இல்லாததுபோல் நம் அலுவலகத் தாள்களில் நாள்தோறும் நடமாடும் ‘கிளியர்லி’, பிறப்பால் ஒளியின் குடும்பத்தைச் சேர்ந்தது.

அதன் மூலம் ‘கிளாருஸ்’ என்னும் இலத்தீன் சொல். ஒளியுடையது, துலக்கமானது, புகழ் வாய்ந்தது என்பன அதன் பொருள்கள். அதற்கும் முன்னே அது ஒலியைக் குறித்திருக்க வேண்டும் என்பது சொற்பிறப்பு ஆராய்ந்தோர் கருத்து. உரக்கக் கூவுதலைக் குறிக்கும் இலத்தீன் சொற்கள் அதற்கு உறவு. காதுக்கு எட்டியது முதலில் ‘கிளாருஸ்’; பிறகு கண்ணுக்கு எட்டியது; இறுதியில் அறிவுக்கு எட்டியது. திருச்சி ஏ.கே.சி. நடராஜன் நம் இசைக்கு வசப்படுத்திய கிளாரினெட்டின் பெயரும் இவ்வேரில் கிளைத்ததே. அது ஒலியின் பக்கம் நின்றுவிட்ட கிளை. பிரெஞ்சு மொழியில் நிலவொளிக்கு ‘கிளேர் தெ லூன்’ என்று பெயர். அது ஒளியின் பக்கம் நின்றுவிட்ட கிளை. பிரெஞ்சின் வழியாக ஆங்கிலத்தை அடைந்த ‘கிளியர்’, தொடக்கத்தில் ஒளிரும் தன்மையையே குறித்தது. முகில் இல்லாத வானம் ‘கிளியர்’. கலங்காத நீர் ‘கிளியர்’. தடையற்ற வழி ‘கிளியர்’. நிலுவை இல்லாத கணக்கும் ‘கிளியர்’. 2013ஆம் ஆண்டின் கம்பெனிகள் சட்டம் பொதுக்கூட்டத்துக்கு ‘கிளியர்’ 21 நாள் முன்னறிவிப்பு வேண்டும் என்கிறது. அறிவிப்புச் சேர்ந்த நாளும் கூட்டம் நடக்கும் நாளும் அதில் சேரா. இடையே உள்ள முழு நாள்களே கணக்கு.

ஒளியிலிருந்து அறிவுக்குச் சென்ற பயணத்தில் தத்துவ அறிஞர் தெகார்த்துக்கும் ஒரு பங்கு உண்டு. 1641இல் இலத்தீனில் வெளிவந்த தம் ‘தியானங்கள்’ நூலில், மிகத் தெளிவாகவும் பிறவற்றினின்று பிரித்தும் உணரப்படுவன எல்லாம் உண்மை என்பதைப் பொதுவிதியாகக் கொள்ளலாம் என்று அவர் எழுதினார். அங்கே அவர் ஆண்ட வினையடை, நம் ‘கிளியர்லி’யின் மூதாதையே. தெளிவு என்பதற்கு அவர் பின்னர்த் தந்த விளக்கமும் கண்ணைக் கொண்டே அமைந்தது. பார்க்கும் கண்ணுக்கு எதிரே ஒரு பொருள் இருந்து, போதிய வலிமையோடு அக்கண்ணில் படுமானால் அதைத் தெளிவாகக் காண்கிறோம் அன்றோ? கவனிக்கும் அறிவுக்கும் அதுவே என்றார். இங்கே ‘கவனிக்கும்’ என்ற சொல் முதன்மையானது. எதிரே பொருள் இருந்தால் மட்டும் போதாது. பார்ப்பவரும் இருக்க வேண்டும்.

நிற்க. வாக்கியத்தின் தலையில் ஏறி அமரும் ‘கிளியர்லி’யைச் சற்று உற்று நோக்கினால் ஒரு வியப்பு காத்திருக்கிறது. சாளரத்தின் வழியே மழையைப் பார்த்துக்கொண்டிருப்பவர், ‘கிளியர்லி, மழை பெய்கிறது’ என்று சொல்லமாட்டார். ‘மழை பெய்கிறது’ என்றுதான் சொல்வார். நனைந்த குடையோடு ஒருவர் உள்ளே வரும்போது, மழையைப் பாராதவரே அவ்வாறு சொல்வார். செருப்பு வாசலில் இல்லை. ஆகவே ‘கிளியர்லி’ அவர் வெளியே போயிருக்கிறார். அவர் போவதைப் பார்த்திருந்தால் அச்சொல் தேவையே இல்லை. பார்வையிலிருந்து பிறந்த ஒரு சொல், பாராத இடத்தில் பார்வைக்குப் பதிலாக நிற்கிறது. ஐயமின்றித் தெரிகிறது என்று சொல்லும்போதே, நேரில் தெரியவில்லை என்பதையும் அது ஒப்புக்கொண்டுவிடுகிறது.

பிற மொழிகள் இந்தத் தெளிவை எங்கிருந்து எடுத்தன? இந்தியில் மக்கள் வழங்கும் சொல் ‘ஸாஃப்’. தூய்மையானது, துடைத்தது என்று பொருள். அவர்களுக்குத் தெளிவு துடைப்பதால் வருகிறது. ஏட்டு இந்தியில் வழங்கும் ‘ஸ்பஷ்ட்’ வடமொழியிலிருந்து வந்தது. பார்த்தல் என்னும் பொருளுள்ள வேரிலிருந்து பிறந்தது.

தமிழிலும் ஒளி இருக்கிறது. விளங்குதல் ஒளிர்தல், விளக்கு ஒளி தருவது, ‘விளங்கிற்றா?’ என்று கேட்டால் புரிந்ததா என்று பொருள். பித்தளைப் பாத்திரத்தைப் புளியிட்டுத் தேய்த்து ஒளிரச் செய்வதற்கும் விளக்குதல் என்றே பெயர். ஆனால் ‘தெளிவு’ என்று சொல்லும்போது தமிழ் நாடுவது நீரை. கலங்கிய நீரில் மண் அடியில் தங்கி, மேலே நீர் தெளிகிறது. ஆற்றில் புதுவெள்ளம் வரும் நாள்களில் நம் பாட்டிமார் பானையின் உட்புறத்தில் தேற்றாங்கொட்டையை உரைத்து நீர் ஊற்றி வைப்பார்கள். சிறிது நேரம் அதை அசைக்கக்கூடாது. அவசரப்பட்டு மொள்ளும் சிறுவர்களுக்குத் தலையில் ஒரு குட்டு உறுதி. அந்தக் கொட்டையால் கலங்கிய நீர் தெளிவதைக் கலித்தொகையிலேயே உவமையாகக் காணலாம்.

அதே ‘தேறு’ என்ற சொல்லைப் பாருங்கள். நோயாளியின் உடல் தேறுகிறது. துயருற்ற மனம் தேறுகிறது. மாணவன் தேர்வில் தேறுகிறான். இன்று நம் பிள்ளைகள் ‘எக்ஸாம் கிளியர் பண்ணிவிட்டேன்’ என்று சொல்வது, அறியாமலே செய்த நல்ல மொழிபெயர்ப்பு. உறுதிப்பொருளுக்கும் நம் இலக்கணத்தார் ‘தேற்றம்’ என்றே பெயர் வைத்தனர். ஏகாரத்துக்குத் தொல்காப்பியம் கூறும் பொருள்களுள் தேற்றமும் ஒன்று. ‘அவன் சொல்லவேயில்லை’ என்னும்போது அந்த ஏகாரம், ஆங்கிலத்தின் தலைமாட்டுக் ‘கிளியர்லி’ செய்யும் வேலையில் ஒரு பகுதியைச் செய்துவிடுகிறது. ஆக, ‘தெளிவாகச் சொல்லவில்லை’ என்பது வேறு. ‘சொல்லவேயில்லை’ என்பது வேறு. தமிழில் ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குச் செல்ல, சொல்லின் இடத்தை மாற்றினால் போதாது. வாக்கியத்தையே வேறாகக் கட்டவேண்டும். கட்டும்போது, நாம் என்ன சொல்கிறோம் என்பது நம் காதிலேயே விழுந்துவிடும்.

ஆங்கிலத்தில் அப்படி விழுவதில்லை. அதற்குச் சான்று நாமே.

2015ஆம் ஆண்டு சனவரி மாதம். அப்போது கோப்புகள் தாளிலேயே நடந்தன. இன்றுபோல் கணினித் திரைக்கு மாறவில்லை. நம் மேசைக்கு ஒரு விண்ணப்பம் வந்தது. ஓய்வு பெற்றுக் காலமான கடைநிலை ஊழியர் ஒருவரின் மனைவி, மீரட்டிலிருந்து அனுப்பியது. 2006 சனவரி முதல் நாள் தொடங்கி, மத்திய அரசின் ஓய்வூதியம் பெறுவோருக்கு எண்பது வயது நிறைந்தால் அடிப்படை ஓய்வூதியத்தில் நூற்றுக்கு 20 கூடுதலாகக் கிடைக்கும். எண்பத்தைந்தில் 30, தொண்ணூறில் 40, தொண்ணூற்றைந்தில் 50. நூறு நிறைந்தால் முழு மடங்கு. குடும்ப ஓய்வூதியம் பெறும் மனைவியர்க்கும் இது உண்டு. ஆனால் பழைய ஆணைகள் பலவற்றில் மனைவியின் பிறந்த தேதி குறிக்கப்பட்டிருக்காது. அவ்வம்மையாரின் ஆணையிலும் இல்லை. தமக்கு எண்பது நிறைந்துவிட்டது என்று எழுதி, சான்றாகப் பழைய அட்டை ஒன்றின் ஒளிநகலை இணைத்திருந்தார்.

ஒளிநகல் என்று பெயர். ஒளிதான் அதில் இல்லை. சாம்பல் படிந்த தாளில் பெயர் தெரிந்தது. தேதி இருக்க வேண்டிய இடம் மங்கிக் கிடந்தது. தில்லியின் சனவரி மாலையை அன்பர்கள் அறிவார்கள். நான்கு மணிக்கே பனிமூட்டம் சாளரத்தை மூடிவிடும். மேலே குழல்விளக்கு ஒன்று விட்டுவிட்டு எரிந்துகொண்டிருந்தது. நாம் பச்சைக் குறிப்புத் தாளில், ‘டேட் ஆஃப் பெர்த் இஸ் நாட் கிளியர்லி ஷோன்’ என்று வரைவு எழுதினோம். பிறந்த தேதி தெளிவாகக் காட்டப்படவில்லை என்பது பொருள். அது உண்மை.

ஆனால் அந்த உண்மைக்கு ஒரு விளைவு உண்டு. தெளிவில்லை என்றால் தெளிவான நகல் கேட்க வேண்டும். அதுவரை கோப்பு நிலுவையில் இருக்கும். அன்று மாதக் கடைசி. நிலுவைப் பட்டியலை மறுநாள் காலை மேலே அனுப்ப வேண்டும். பட்டியலில் எண்ணிக்கை ஏற்கெனவே கூடுதல் என்று கண்டனம் வந்திருந்தது. நாம் வரைவை மீண்டும் எடுத்து, ஒரே ஒரு சொல்லை ஓர் இடம் முன்னே நகர்த்தினோம். ‘டேட் ஆஃப் பெர்த் இஸ் கிளியர்லி நாட் ஷோன்’. பிறந்த தேதி காட்டப்படவில்லை என்பது தெளிவு. காட்டப்படாத தேதிக்கு நகல் கேட்க வேண்டியதில்லை. விண்ணப்பத்தைத் திருப்பி அனுப்பிவிடலாம். மேலதிகாரி ஒப்பமிட்டார். கடிதம் போயிற்று. கோப்பு ‘கிளியர்’ ஆயிற்று.

மே மாதத்தில் ஒரு முற்பகல், அந்த அம்மையார் பேரனின் தோளைப் பற்றிக்கொண்டு நம் பிரிவுக்கு வந்தார். மீரட்டிலிருந்து பேருந்தில் வந்திருந்தார். வெயிலில் முகம் கறுத்திருந்தது. நீர் கொடுத்து, “உட்காருங்கள், மாதாஜி” என்றோம். அவர் உட்காரவில்லை. திருப்பி அனுப்பிய தாள்களை மேசைமேல் வைத்தார். கடிதத்தைப் பக்கத்து வீட்டுக் கல்லூரி மாணவன் இந்தியில் படித்துக் காட்டினானாம்.

“பாபூஜி, நான் தேதி கொடுக்கவே இல்லை என்று சர்க்கார் எழுதியிருக்கிறது என்றான். கொடுத்தேனே! கொடுக்காமல் கேட்டவள் என்று ஆகிவிட்டேனே” என்றார்.

பணத்தைப் பற்றி அவர் ஒரு சொல்லும் பேசவில்லை. பேரன்தான் மருந்துச் செலவைப் பற்றி மெல்ல ஏதோ சொன்னான். அவர் அவனைக் கையமர்த்திவிட்டு, அந்த ஒளிநகலை எடுத்துக்கொண்டு சாளரத்தருகே சென்றார். இரண்டு கைகளாலும் அதை வெயிலுக்கு நேரே பிடித்தார். நாமும் எழுந்து போய்ப் பார்த்தோம். தாளின் சாம்பல் நிறத்துக்குள்ளே, அதைவிடச் சற்றே கருத்த நிறத்தில், எண்கள் தெரிந்தன. 1934, டிசம்பர் மாதம்.

“ஸாஃப் தோ லிக்கா ஹை, பாபூஜி” என்றார் அவர். தெளிவாகத்தானே எழுதியிருக்கிறது என்று பொருள்.

தெளிவாக இருந்தது என்று நாம் சொல்லமாட்டோம். ஆனால் இருந்தது. நாம் முதலில் எழுதிய வரைவு சொன்னதும் அதைத்தான்.

அன்றே புதிய குறிப்பு எழுதினோம். அடுத்த வாரம் பேரன் மூல அட்டையைக் கொண்டுவந்தான், ஒப்பிட்டுப் பார்த்தோம். சூலையில் ஆணை பிறந்தது. எண்பது நிறைந்த காலம் முதல் கணக்கிட்டு நிலுவைத் தொகையும் அவருக்குச் சேர்ந்தது. கணக்கில் ஒரு காசும் குறையவில்லை. ஆயினும் எண்பது வயதில் ஒருவர், தாம் கொடுத்ததைக் கொடுக்கவில்லை என்று அரசே சொல்லிவிட்டதாக எண்ணிக்கொண்டு சில மாதங்கள் வாழ்ந்தார். அதற்கு நிலுவைத் தொகை என்று எதுவும் கிடையாது.

கோப்பில் எழுதிய குறிப்பைக் கிழித்தெறியும் வழக்கம் அரசு அலுவலகத்தில் இல்லை. நம் கையெழுத்தில் அந்த வாக்கியம் இன்றும் ஏதோ ஓர் ஆவண அறையில் இருக்கக்கூடும். அன்று முதல் நாம் ஒரு பழக்கம் வைத்துக்கொண்டோம். ஆங்கிலத்தில் குறிப்பு எழுதும்போது ‘கிளியர்லி’ என்ற சொல் விரலுக்கு வந்தால், அந்த வாக்கியத்தை ஒருமுறை தமிழில் சொல்லிப் பார்ப்போம். ‘தெளிவாக இல்லை’ என்று வருகிறதா, ‘இல்லை என்பது தெளிவு’ என்று வருகிறதா? இரண்டாவது வந்தால், எழுந்து சென்று மீண்டும் ஒருமுறை பார்ப்போம். பெரும்பாலும் பார்த்த பிறகு அச்சொல் தேவைப்படுவதில்லை. தாய்மொழி இங்கே என்ன பயன் தரும் என்று வடநாட்டில் பிள்ளைகளை வளர்ப்போர் சிலர் கேட்பதுண்டு. பெரிய பயன்களைக் கூற நமக்குத் தகுதியில்லை. இந்தச் சிறு பயனை மட்டும் அனுபவத்தில் கண்டோம்.

மறுநாள் மாலை, வாக்கியத்தில் சொல் இடம் மாறினால் என்ன மாறும் என்று கேட்ட மகளை அழைத்து இதைச் சொன்னோம். கேட்டு முடித்ததும் அவள் இலக்கணத்தைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை.

“அந்தப் பாட்டியிடம் மன்னிப்புக் கேட்டீர்களா, அப்பா?” என்றாள்.

கேட்டோம் என்றுதான் அதுவரை எண்ணியிருந்தோம். சாளரத்தருகே நின்று நாம் சொன்ன சொற்கள் நன்றாக நினைவில் இருந்தன. ‘கல்தி ஹோ கயீ, மாதாஜி’ என்றோம். தவறு நேர்ந்துவிட்டது என்று பொருள். அவரும் தலையசைத்து, நம் தலையில் கைவைத்து வாழ்த்திவிட்டுச் சென்றார். அதை மகளிடம் அப்படியே சொன்னோம்.

“நேர்ந்துவிட்டது என்றா சொன்னீர்கள்?” என்று கேட்டுவிட்டு அவள் தன் ஏட்டை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

அவ்வம்மையாருக்கு இம்மலர் கிடைக்கப்போவதில்லை. கிடைத்தாலும் தமிழ் அறியார். எனினும் அன்று சொல்லாததை இங்கே எழுதி வைக்கிறோம். அந்தத் தவறு நேரவில்லை. நாம் செய்தோம்.